நான் வெட்டிய அடிக்குறிப்பு

ஒரு பொத்தானை அழுத்தினேன். ஒரு புத்தகத்தின் அடிக்குறிப்புகள் அத்தனையும் மறைந்தன. பக்கம் பளிச்சென்று, பெருக்கி நீர் தெளித்த வாசல் மாதிரி இருந்தது. அன்றைக்கு எனக்கிருந்த திருப்தியைச் சொல்லி முடியாது. எழுந்துபோய் ஒரு டீ குடித்துவிட்டு வந்தேன்.

பதிப்பு வேலைக்குப் புதிதாக வந்திருக்கும் உங்களிடம் என் அனுபவத்தைச் சொல்லச் சொன்னார்கள். பிழை திருத்துவது, பக்கம் கட்டுவது, அச்சகத்துக்காரரிடம் சண்டை போடுவது எல்லாம் ஒரு வருடத்தில் தானாக வந்துவிடும். அதற்கு நான் வேண்டாம். ஒரே ஒரு சங்கதியைச் சொல்லிவிட்டுப் போகிறேன். கோபமாகத்தான் வரும், பொறுத்துக்கொள்ளுங்கள். அதில் பாதிக்கு மேல் என் மேலேயே எனக்குள்ள கோபம்.

இருபத்திரண்டு வருடம் திருப்பத்தூரில் ஒரு சின்னப் பதிப்பகத்தில் ஆசிரியனாக இருந்தேன். மருந்துக்கடைக்கும் தையல்கடைக்கும் நடுவில் நுழைகிற சந்தில், மாடியில். போன வருடம் வேலையை விட்டேன். சாதி, நிலம், வெள்ளைக்காரன் போட்டுவிட்டுப் போன சட்டங்கள், அவன் எடுத்துப் போக மறந்த அவனுடைய கண்கள், இவற்றைப் பற்றி மட்டும்தான் புத்தகம் போடுவோம். ஜோசியம், சமையல் கேட்டு வருகிறவர்களை பஸ் ஸ்டாண்டுக் கடைக்கு அனுப்பிவிடுவோம். இந்தத் தொழிலில் ஒரு போதை இருக்கிறது. அநியாயத்தைப் பற்றியே காலையிலிருந்து மாலை வரை படித்துக்கொண்டிருந்தால், அது எப்போதும் வேறு எவனோ செய்வது என்று தோன்ற ஆரம்பித்துவிடும். நம் மேசை சுத்தம், நம் கை சுத்தம். எனக்கு அப்படித்தான் தோன்றியது.

எங்கள் பதிப்பகத்தை நடத்தியவரை முதலாளி என்று கூப்பிட்டால் அடிக்க வருவார். தோழர் என்போம். பெயர் வேண்டாம். பயம் என்றால் என்னவென்று தெரியாத மனிதர். ஒரு ஊரில் தேர் எந்தத் தெருவுக்குள் போகாது என்று எழுதிய புத்தகத்துக்காக ஒரு தடவை பத்துப் பதினைந்து பேர் மாடியேறி வந்துவிட்டார்கள். கட்டுக் கட்டாக அடுக்கியிருந்த புத்தகத்தின் மேல் ஏறி உட்கார்ந்துகொண்டார் தோழர். "என்னத் தூக்கிப் போட்டுட்டு எடுத்துக்கினு போங்க. தொண்ணூறு கிலோ இருக்கேன். மூணு பேராவது வேணும், இன்னா?" என்றார். வந்தவர்களில் ஒருவனுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. சிரித்த கூட்டத்தால் அடிக்க முடியாது, போய்விட்டார்கள். அவரிடமிருந்துதான் நான் நிமிர்ந்து நிற்கக் கற்றேன். குனிய வேண்டிய இடமும் ஒன்று உண்டு என்பதை அவர் சொல்லித் தரவில்லை. அவருக்கே தெரியாது.

இனிப் புத்தகத்துக்கு வருகிறேன்.

நூறு வருடத்துக்கு முன்னால் இந்தப் பக்கம் வேலை பார்த்த ஒரு வெள்ளைக்கார அதிகாரி, ஜவ்வாது மலைக்காரர்களைப் பற்றி ஆங்கிலத்தில் எழுதிய சின்னப் புத்தகம் அது. இவர்கள் இதை உண்பார்கள், இதை உடுத்துவார்கள், இன்னது செய்யமாட்டார்கள் என்று, கண்காட்சியில் வைத்த பொருளைப் பற்றி எழுதுவது போல எழுதியிருந்தார். அதைத் தமிழில் கொண்டுவந்து, அந்தப் பார்வையின் தோலை உரித்துக் காட்டவேண்டும் என்பது எங்கள் திட்டம். மொழிபெயர்த்தவர் எஸ்தர் டீச்சர். படவேடு பக்கத்தில் ஒரு கிராமம், ஆங்கில ஆசிரியையாக இருந்து ஓய்வு பெற்றவர். "எங்க கோயில்ல ஆண்டவருக்கு முன்னால எல்லாரும் சமம் தம்பி. பாய் மட்டுந்தான் ரெண்டு பக்கமா விரிப்பாங்க, இந்தத் தெருவுக்கு ஒண்ணு, அந்தத் தெருவுக்கு ஒண்ணு" என்று சிரிக்காமல் சொல்லக்கூடியவர்.

அச்சுக்கு முன் சரிபார்க்க மெய்ப்புப் படி அனுப்பியதும் டீச்சர் போன் செய்தார்.

"தம்பி, அடியில குறிப்பெல்லாம் இருந்துச்சே, எங்க?"

"எடுத்துட்டேன் டீச்சர். காலேஜ் பசங்க படிக்கணும். பொடி எழுத்தப் பாத்தாலே மூடி வெச்சிடுவாங்க."

"மூடி வெக்கறவங்க வெக்கட்டும். படிக்கறவங்களுக்கு இருக்கட்டுமே."

"நூறு பக்கத்தத் தாண்டக்கூடாதுன்னு தோழர் சொல்லிட்டாருங்க."

"உங்க முன்னுரை எத்தினி பக்கம்?"

பதினொரு பக்கம். வெள்ளையர் ஆட்சியின் பார்வை எப்படி ஒரு சனத்தையே பூச்சியாக ஊசியில் குத்தி அட்டையில் வைத்தது என்று கவிதையும் நெருப்புமாக எழுதியிருந்தேன். மூன்று இரவு தூங்காமல் எழுதியது.

"அதுல ஒரு வரிகூடவா எடுக்க முடியல?"

"டீச்சர், அதுதான் இந்தப் புத்தகத்துக்கே..."

"சரி தம்பி" என்று வைத்துவிட்டார். அந்தச் 'சரி' எப்படிப்பட்டதென்று எனக்குத் தெரிந்திருக்க வேண்டும்.

புத்தகம் நன்றாகப் போயிற்று. நூலகங்களுக்குப் போயிற்று. என் முன்னுரையை இரண்டு மேடைகளில் வாசித்துக் கைதட்டினார்கள். அப்புறம் ஒரு திங்கட்கிழமை மதியம் ஒரு பெண் மாடியேறி வந்தாள். பதினெட்டு வயது இருக்கும். தோளில் பை, கையில் எங்கள் புத்தகம். கையெழுத்து வாங்க வந்திருக்கிறாள் என்று நினைத்து நான் பேனாவையே எடுத்துவிட்டேன். வெட்கக்கேட்டைச் சொல்லத்தானே கூப்பிட்டிருக்கிறீர்கள்.

"இந்தப் புக்கு போட்டது நீங்கதானுங்களா?"

"நாங்கதாம்மா. படிச்சியா? எப்படி இருந்துச்சு?"

"நான் படிக்கலைங்க. ஆபீசர் படிச்சிருக்காரு."

பெயர் ரம்யா. மலைமேல் ஜமுனாமரத்தூரைத் தாண்டி உள்ளே ஒரு சிற்றூர். அப்பா சின்னாண்டி, சாமை விதைத்து, புளி உலுக்கி, இரண்டு கறவை மாடு வைத்துப் பிழைப்பவர். ரம்யாவுக்கு நர்சிங் கல்லூரியில் பழங்குடியினருக்கான இடம் ஒன்று கிடைத்திருந்தது. சாதிச் சான்றிதழ் வேண்டும். அந்த வீட்டில் அதுவரை யாரும் வாங்கியதில்லை. மலையை விட்டு இறங்காதவர்களுக்கு எதற்குச் சான்றிதழ்? விண்ணப்பம் போட்டாள். விசாரணைக்குக் கூப்பிட்டார்கள். அதிகாரியின் மேசையில் எங்கள் புத்தகம் இருந்தது.

கைப்பேசியில் படம் எடுத்து வைத்திருந்தாள். எங்கள் புத்தகத்தின் பக்கம்தான். பென்சிலால் அடிக்கோடு, ஓரத்தில் வரிசையாகப் பெருக்கல் குறிகள்.

"ஏழு கேள்விங்க. ஏழுலயும் பெயிலு" என்றாள். சிரிக்கப் பார்த்தாள், வாய் ஒத்துழைக்கவில்லை. "மாடு இருக்குதான்னு கேட்டாரு. ரெண்டு இருக்குதுன்னேன். கறப்பீங்களான்னாரு. கறந்து சொசைட்டிக்கு ஊத்தறோம்னேன். 'மலை ஆளுங்க பாலே கறக்க மாட்டாங்களே'ன்னு உங்க புக்கத் திருப்பிக் காட்டறாருங்க. கால்ல செருப்பு கீதான்னு குனிஞ்சு பாத்தாரு. அதுக்கும் ஒரு பெருக்கல். வூட்டுக்கு ஓடு போட்டிருக்கறதுக்கு ஒண்ணு."

"நீ ஒண்ணும் சொல்லலியாம்மா?"

"இன்னான்னு சொல்றதுங்க? எங்கள விட அந்தப் புக்குக்கு எங்களப் பத்தி நல்லாத் தெரியும்போல."

வியாழக்கிழமை அப்பாவோடு மறுபடி வரச் சொல்லியிருந்தார்கள். வெள்ளிக்கிழமை மாலைக்குள் சான்றிதழைக் கல்லூரியில் கொடுக்காவிட்டால் இடம் அடுத்த ஆளுக்குப் போய்விடும். "நீங்க ஒரு வார்த்த சொன்னா அவரு கேப்பாருங்களா?" என்று கேட்டாள். தண்ணீர் கொடுத்தேன். குடித்துவிட்டு பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டதென்று இறங்கிப் போனாள்.

டீச்சர் முதலில் அனுப்பிய பிரதியைக் கணினியில் தேடித் திறந்தேன். பால் கறக்காத வரிக்குக் கீழே குறிப்பு அப்படியே இருந்தது. அந்த வெள்ளைக்காரர் மலையேறவே இல்லை. காய்ச்சலில் அடிவாரத்தில் கூடாரம் போட்டுப் படுத்திருந்தார். உணவு, உடை, பழக்கம் பற்றி அந்த அத்தியாயத்தில் உள்ளதெல்லாம், மேலிருந்து கடுக்காயும் புளியும் கீழே கொண்டுவரக் குத்தகை எடுத்த ஒரு காண்டிராக்டர் வந்து சொன்னது, தான் சரிபார்க்கவில்லை என்று அவரே சொல்லியிருந்தார். மனிதர் யோக்கியமாக எழுதி வைத்துவிட்டுப் போயிருக்கிறார். அந்த யோக்கியத்தைத்தான் நான் வெட்டினேன். அவரைக் கிழிப்பதற்காகவே புத்தகம் போட்டவன், அவர் சொல்லாத பொய்யை அவர் பெயரில் போட்டுவிட்டேன்.

கோபம் பொங்கியது. கீழே இருக்கிற பசையுள்ள ஆட்கள் மலைக்காரர் என்று பொய்ச் சான்றிதழ் வாங்கிவிடுகிறார்கள் என்று சொல்லி, மேலே இருப்பவர்களின் காலில் செருப்பிருக்கிறதா என்று குனிந்து பார்க்கிறார்கள். திருடன் கீழே, சோதனை மேலே! கீழே சமவெளியில் எனக்கு என் சாதிச் சான்றிதழ் எத்தனை நாளில் வந்தது தெரியுமா? விண்ணப்பம் கொடுத்தேன், வந்தது. என் பாட்டன் பூட்டன் எதைத் தின்றான், எதைக் கட்டினான், நான் அதைத்தான் தின்கிறேனா, கட்டுகிறேனா என்று ஒருத்தரும் கேட்கவில்லை. மாறுகிற உரிமை சமவெளிக்காரனுக்கு மட்டும். மலைக்காரன் நூறு வருடத்துக்கு முன்னால் கூடாரத்தில் காய்ச்சலோடு கிடந்தவன் காதில் விழுந்தபடியே இருக்கவேண்டும். இல்லாவிட்டால் அவன் அவனில்லை.

செவ்வாய்க்கிழமை தோழரிடம் சொன்னேன். புத்தகம் அரைகுறை என்று பதிப்பகத்தின் பெயரில் ஒரு கடிதம் கொடுக்கவேண்டும் என்றேன்.

"கடிதாசி குடுத்தா அது நாளைக்கு எவன் கைக்குப் போவும் தெரியுமாயா? நம்மள ஒழிக்கக் காத்துக்கினு இருக்கறவன் கைக்கு. 'இவனுங்க போடற புத்தகமெல்லாம் இப்படித்தான்'னுவான். இருபது வருசத்துப் பேரு."

"அந்தப் பொண்ணு சீட்டு போயிடும் தோழர்."

"வருத்தமாத்தான் இருக்குது. அடுத்த பதிப்புல குறிப்ப சேத்துடு. சத்தமில்லாம."

நான் சரி என்றேன். ஆமாம், சரி என்றேன். அன்று முழுவதும் அந்தச் 'சரி'யோடு உட்கார்ந்து வேறொரு புத்தகத்துக்குப் பக்க எண் போட்டேன். பெரிய லட்சியத்துக்காகச் சின்னச் சேதாரம் என்று எனக்கு நானே விளக்கிக்கொண்டேன். நன்றாகப் படித்தவர்களுக்கு இந்த விளக்கம் சரளமாக வரும், கவனித்துக்கொள்ளுங்கள். வெள்ளைக்காரனும் இதைத்தான் இன்னும் நல்ல இலக்கணத்தோடு சொன்னான்.

தோழரைப் பற்றி மீதியையும் இங்கேயே சொல்லிவிடுகிறேன். இரண்டாம் பதிப்பில் அடிக்குறிப்புகள் வந்தன. கூடவே, நான் பிற்பாடு எழுதிக் கொடுத்த கடிதத்தையும் முன்பக்கத்தில் போடலாம் என்றார், நம் நேர்மைக்கு அது சாட்சியாம். போடக்கூடாது என்றேன். பேச்சு வளர்ந்தது. அந்த மாதம் நான் விலகினேன். இப்போதும் அவர்மேல் எனக்கு மரியாதை உண்டு. அவருக்கு முன்னால் நின்று வெளியிலிருந்து வந்த எவனும் ஜெயித்ததில்லை.

செவ்வாய் ராத்திரி தூக்கமில்லை. விடிந்ததும் டீச்சருக்குப் போன் செய்தேன். ஒரு வார்த்தை குத்திக்காட்டவில்லை. "மூலப் புத்தகத்தோட நகல் எங்கிட்ட இருக்குது. போளூர் பஸ் ஸ்டாண்டுக்கு வந்திடுங்க" என்றார்.

புதன்கிழமை மதியம் இரண்டு பேரும் மலையேறினோம். கொண்டை ஊசி வளைவுகளில் பஸ் முக்கி முனகித் திரும்பும்போதெல்லாம் டீச்சர் அந்த நகலை மார்போடு அணைத்துக்கொண்டார். மலைச்சரிவில் சாமை கதிர் தள்ளியிருந்தது. காற்று அடிக்கும்போது சரிவே ஒரு பக்கமாகப் படுத்து எழுந்தது. நான் இந்த மலையைப் பற்றி ஒரு புத்தகம் போட்டிருக்கிறேன். மேலே வந்தது அதுதான் முதல் தடவை. அந்தக் காண்டிராக்டராவது ஏறி வந்திருக்கிறான்.

சின்னாண்டி மொபெட்டிலிருந்து காலிப் பால்கேனை இறக்கிக்கொண்டிருந்தார். நாற்பத்தைந்து வயது இருக்கும், சிரித்த முகம். நாங்கள் யாரென்று ரம்யா சொன்னதும் சிரிப்பு கொஞ்சம் குறைந்தது, போகவில்லை. கட்டில் போட்டு உட்காரச் சொன்னார். பால் ஊற்றிய டீ வந்தது. நான் நடந்ததைச் சொன்னேன். மன்னிப்புக் கேட்டேன். அதை அவர் காதில் வாங்கிக்கொண்டதாகவே தெரியவில்லை.

"அந்த வெள்ளக்காரனுக்குப் பால் சங்கதிய யாரு சொன்னாங்களாம்?"

"கீழேருந்து கடுக்கா எடுக்க வந்த காண்டிராக்டருங்க" என்றார் டீச்சர்.

சின்னாண்டி டீ டம்ளரைக் கீழே வைத்தார். அப்புறம் சிரிக்க ஆரம்பித்தார். தொடையைத் தட்டிச் சிரித்தார்.

"அவன் பால் கேட்டிருப்பாங்க! வேற இன்னா? கடுக்காயும் வேணும், புளியும் வேணும், குடிக்கப் பாலும் வேணும். வந்தவனுக்கெல்லாம் ஊத்தினா கன்னுக்குட்டி இன்னாத்தக் குடிக்கும்? 'நாங்க கறக்கறதே இல்ல சாமி'ன்னு சொல்லி அனுப்பிருப்பாங்க. எலக்சனுக்கு வர்றவன் கேட்டா நானும் அத்தத்தான் சொல்லுவேன், மாடு வத்திப்போச்சும்பேன்."

"யப்பா, அவரு இதையும் எழுதிடப் போறாரு" என்றாள் ரம்யா.

"எழுதட்டும், எழுதட்டும். இது எங்கள வந்து கேட்டவனப் பத்துன கதை. நல்லா எழுதிக்கோங்க சார். ஒரு சொம்பு பாலு இல்லன்னதுக்கு, அவன் போய் வெள்ளக்காரங்கிட்ட சொல்லி, அவன் எழுதி, நீங்க அச்சுல போட்டு, எம் பொண்ணு சீட்டுல வந்து நிக்குது!" சிரித்துக்கொண்டே சொன்னவர், கடைசி வார்த்தையில் நிறுத்திக்கொண்டார். ரம்யா டம்ளர்களை எடுத்துக்கொண்டு உள்ளே போனாள்.

உண்மையில் அப்படித்தான் நடந்தது என்பதற்கு ஆதாரம் கிடையாது. ஆனால் என் பதினொரு பக்க முன்னுரையில் இல்லாத புத்தி அந்தச் சிரிப்பில் இருந்தது.

வியாழக்கிழமை விசாரணை. அடிவாரத்து ஊர் ஒன்றில் ஓர் அலுவலகம். எந்த ஊர் என்பது வேண்டாம். அதிகாரி இளைஞர், களைத்த முகம். அவரை வில்லனாக நினைத்துக்கொண்டு போனேன். அவர் எழுந்து நின்று என் கையைக் குலுக்கினார்.

"சார், உங்க புத்தகம் ரொம்ப உபயோகமா இருக்குது. இந்த மலையப் பத்தித் தமிழ்ல கைக்கு அடக்கமா வேற எதுவும் கிடையாது. என்ன தெளிவு! ஒரு வளவள இல்ல."

இருபத்திரண்டு வருடத்தில் எனக்குக் கிடைத்த மிக மோசமான பாராட்டு அது.

மேசைக்கு முன்னால் இரண்டு நாற்காலிகள் இருந்தன. எனக்கும் டீச்சருக்கும். "நீ அப்படி ஓரமா நில்லுப்பா" என்றார் குமாஸ்தா சின்னாண்டியிடம். தன் வயதை ஒத்த ஆளை நீ என்றார். என்னை நீங்க என்றார். டீச்சர் உட்காரவில்லை.

"உக்காருங்கம்மா."

"அவருக்கு நாற்காலி வரட்டும். எனக்கு மூட்டு வலிதான். ஆனா நிப்பேன்."

"பரவால்லங்க டீச்சர்" என்று சின்னாண்டிதான் நெளிந்தார். கடைசியில் ஒரு ஸ்டூல் வந்தது. அப்புறம் நான் நகலைப் பிரித்து அடிக்குறிப்பைக் காட்டினேன். டீச்சர் ஆங்கிலத்தில் ஒரு தடவையும் தமிழில் ஒரு தடவையும் படித்தார். அதிகாரி வாங்கித் தானே படித்தார். திரும்பவும் படித்தார். நல்ல வாசகர்தான்.

"இது உங்க புத்தகத்துல இல்லியே."

"நான் எடுத்துட்டேன் சார்."

"ஏன்?"

"படிக்கிறவங்களுக்குச் சிரமமா இருக்கும்னு."

ரம்யா சுவரோரம் நின்றிருந்தாள். அந்தப் பதிலை அவள் முன்னால் சொன்னதுதான் என் உத்தியோக வாழ்க்கையின் மிகப் பெரிய சம்பளம் என்று நினைக்கிறேன்.

"எழுத்துல குடுப்பீங்களா? இத நான் பைல்ல வெச்சா நாளைக்கு யாரு வேணா கேக்கலாம். உங்க புத்தகத்த லைப்ரரிலருந்து எடுத்தாலும் எடுப்பாங்க. பதிப்பகத்துக்கு நல்லதில்ல. யோசிச்சுக்கங்க, அவசரமில்ல" என்றார் அதிகாரி. அவசரம் யாருக்கு இல்லை? சுவரோரம் நின்றவளுக்கு அடுத்த நாள் சாயங்காலம் வரைதான் நேரம் இருந்தது.

தாள் வாங்கி எழுத ஆரம்பித்தேன். சட்டைப் பையில் கைப்பேசி அதிர்ந்தது. தோழர். நின்றது, மறுபடி அதிர்ந்தது. எடுத்திருந்தால் அவர் குரலுக்கு நான் பணிந்திருப்பேன், அது எனக்குத் தெரியும். ஆகவே எடுக்கவில்லை. வீரம் என்று நினைக்காதீர்கள். என் பலவீனம் எந்தப் பக்கம் சாயும் என்று தெரிந்து வைத்திருந்தேன், அவ்வளவுதான். அதைத் தெரிந்து வைத்துக்கொள்ளுங்கள்.

கையெழுத்துப் போட்டுக் கொடுத்தேன். அதிகாரி அதைக் கோப்பில் வைத்தார். பிறகு உண்மையாகவே குழம்பிப்போய்க் கேட்டார்:

"சரி, இது இல்லன்னா நான் எத வெச்சுப் பாக்கறது? வேற ஏதாவது புத்தகம் இருக்குதா?"

"எதிர்ல ஆளே உக்காந்திருக்காரே சார்" என்றார் டீச்சர்.

"அவங்க சொல்றது ஆதாரம் ஆகுமாம்மா? செருப்பு போட்டிருக்காங்க, ஓட்டு வூடு, மாடு கறக்கறாங்க. எப்படி நான் வித்தியாசம் கண்டுபிடிப்பேன்?"

டீச்சரின் குரல் உயரவே இல்லை. "சார், உங்க தாத்தாவோட தாத்தா குடுமி வெச்சிருப்பாரு. காதுல கடுக்கன் போட்டிருப்பாரு. நீங்க சாதி சர்டிபிகேட் வாங்கறப்ப யாராவது உங்க தலையத் தடவிப் பாத்தாங்களா?"

குமாஸ்தா இருமுவது போலச் சிரிப்பை மறைத்தார். அதிகாரியின் கை தன் தலைக்குப் பாதி தூரம் போய் இறங்கியது. பிறகு அவர் எங்கள் புத்தகத்தை மூடி ஓரமாக வைத்தார். சின்னாண்டியின் பக்கம் திரும்பினார்.

"சொல்லுங்க" என்றார். சொல்லுப்பா என்று சொல்லவில்லை.

சின்னாண்டி இரண்டு மணி நேரம் பேசினார். தன் சனம் யார், எந்த ஊருக்கும் எந்த ஊருக்கும் என்ன உறவு, யாருக்கு யார் பெண் கொடுப்பார்கள், சாவு வீட்டில் யார் முன்னால் நிற்பார்கள், விதைப்பதற்கு முன் யாரைக் கேட்பார்கள். தாள் எதுவும் கையில் இல்லை. ஓர் இடத்தில் நிறுத்தி ரம்யாவிடம் ஒரு பெயரைச் சரிபார்த்துக்கொண்டார். ஓர் இடத்தில் தண்ணீர் கேட்டு வாங்கிக் குடித்துவிட்டுத் தொடர்ந்தார். குமாஸ்தா முதலில் எழுதினார். அப்புறம் பேனாவை வைத்துவிட்டுக் கன்னத்தில் கை ஊன்றிக் கேட்டார். நானும் அப்படித்தான். என் வாழ்நாளில் நான் கேட்ட மிகச் சிறந்த புத்தகம் அது.

வெள்ளிக்கிழமை காலை பதினொரு மணிக்குச் சான்றிதழ் கைக்கு வந்தது. ரம்யா அதைப் பைக்குள் வைத்து, பையை முன்பக்கம் மாட்டிக்கொண்டு, அடுத்த பஸ்ஸில் தொற்றினாள். "வர்றேங்க சார், வர்றேங்க டீச்சர்" என்று ஜன்னலிலிருந்து கத்தினாள். இரண்டரை மணிக்கு அப்பாவுக்குப் போன் வந்தது. சேர்த்துக்கொண்டார்களாம். விடுதியில் நாலு பேருக்கு ஓர் அறையாம். சின்னாண்டி "சரிம்மா, சரிம்மா" என்று மட்டும் சொல்லிக்கொண்டிருந்தார். கண்களைத் தோள்துண்டால் துடைத்துக்கொண்டார்.

அந்தப் போன் வரும்வரை நாங்கள் மூன்று பேரும் அலுவலகத்துக்கு எதிரே ஒரு டீக்கடையில்தான் உட்கார்ந்திருந்தோம். போனை வைத்ததும் சின்னாண்டி சட்டைப் பையிலிருந்து ஆணையின் நகலை எடுத்தார். சான்றிதழோடு கொடுத்திருந்தார்கள், நாலு பக்கம்.

"படிங்க சார். நான் சொன்னத எப்படி எழுதியிருக்காங்கன்னு பாப்போம்."

படித்தேன். மனுவின் விவரம், முதல் விசாரணையின் விவரம். அதன் பிறகு ஒன்றரைப் பக்கம் என் கடிதம். பதிப்பாசிரியர் அவர்கள் நேரில் ஆஜராகி எழுத்துப்பூர்வமாக அளித்த விளக்கம், அதில் முக்கியமான பகுதிகள், அதை ஏற்பதற்கான காரணங்கள். அப்புறம் ஒரு வரி: மனுதாரரின் தந்தை விசாரிக்கப்பட்டார். அப்புறம் முடிவு.

"அவ்ளோதானா?"

"அவ்ளோதாங்க."

"ரெண்டு மணி நேரம் சொன்னேனேங்க."

டீச்சர் முகத்தைத் திருப்பிக்கொண்டார். எனக்கு அந்தத் தாளைக் கிழித்துப் போடவேண்டும் போல இருந்தது. கிழிக்க முடியாது, அதில்தான் அந்தப் பெண்ணின் இடம் இருந்தது. அன்றைக்கு அந்தக் காண்டிராக்டர் சொன்னது செல்லுபடியாயிற்று. இன்றைக்கு நான் சொன்னது செல்லுபடியாகிறது. நான் மேலே போனது ஒரே ஒரு மதியம், ஒரு டம்ளர் டீக்கு. எதிரில் உட்கார்ந்து தன் சனத்தை முழுசாகச் சொன்னவர் இன்னும் விசாரிக்கப்பட்டவர்தான்.

"நான் புத்தகமாப் போடறேங்க" என்றேன். "நீங்க நேத்து சொன்னது எல்லாத்தையும் மறுபடி சொல்லுங்க. ஒரு எழுத்து மாத்த மாட்டேன். அட்டையில உங்க பேரு. முன்னுரை கிடையாது, என் பேரே இருக்காது. இங்கயே ஆரம்பிக்கலாம்." பையிலிருந்து தாளை எடுத்துவிட்டேன், பேனாவைத் திறந்துவிட்டேன்.

சின்னாண்டி யோசித்தார். அவசரமில்லாமல், என்னை நோகடிக்காத மாதிரி எப்படிச் சொல்வது என்று யோசிக்கிற முகம்.

"வேணாங்க."

"ஏங்க?"

"நீங்க நல்லாத்தான் எழுதுவீங்க. நான் சொன்னபடியேதான் எழுதுவீங்க. அதாங்க பயமே. எழுதினா அது ஆபீசு அலமாரிக்குப் போவும். நாளைக்கு எம் பொண்ணு புள்ளைங்க, அதுங்க புள்ளைங்க, சர்டிபிகேட்டு கேட்டு இங்க வந்து நிக்கும். அப்ப ஒருத்தன் அந்தப் புக்கத் தொறந்து வெச்சிக்கினு, 'உங்க தாத்தன் இப்படிச் சொல்லியிருக்கான், நீ ஏன் அப்படி இல்ல'ன்னு கேப்பான்."

டீ ஆறிக்கொண்டிருந்தது. டீச்சரைப் பார்த்தேன்.

"சரியாத்தான் சொல்றாரு தம்பி" என்றார் டீச்சர். "பேனாவ மூடுங்க."

மூடினேன்.